ஆப்புவீடு

நெடும்பலகை ஊரில் அந்த வருஷம் சாமிக்கு ஆப்பு தேவைப்படவில்லை. சாமியைக் கூட்டும் நாளன்று காலையில் வெள்ளத்தாய் ஓலைப்பெட்டி நிறைய ஆப்புகளோடும், கொட்டாப்புளி என்கிற மரச்சுத்தியலோடும் கொட்டகைக்கு வந்து, காதுகளில் பஞ்சை அடைத்துக்கொண்டு, கிழக்குத் தூணோரம் தன் இடத்தில் நின்றாள். உச்சிப்பொழுதில் பெட்டி, வந்த கனம் குறையாமல் வீடு திரும்பியது.

நெடும்பலகைக்காரர்களின் தெய்வம் கூட்டுடையாள். அவளுக்குக் கோயில் கிடையாது, பூசாரி கிடையாது, நிலையான உடம்பும் கிடையாது. பங்குனி பிறந்ததும் ஒவ்வொரு வீடும் கதவைச் சாத்திக்கொண்டு, அவள் உடம்பில் தனக்கென்று விதிக்கப்பட்ட ஒரு பாகத்தை மரத்தில் செய்யும். தலைவீட்டார் தலையைச் செய்வார்கள், தோள்வீட்டார் தோளை, முழங்கால்வீட்டார் முழங்காலை. ஒரு வீட்டின் அளவை இன்னொரு வீடு கேட்கக் கூடாது, எட்டிப் பார்க்கக் கூடாது, அளவுகோலையோ நூலையோ தொடக் கூடாது. கையும் கண்ணும் போதும். அப்படிச் செய்த பாகங்கள் ஒருநாளும் ஒன்றோடொன்று பொருந்தியதில்லை. தலைக்குள் கழுத்து ஆடும், இடுப்புக்கும் வயிற்றுக்கும் நடுவே வெளிச்சம் தெரியும், ஒரு வருஷம் வலது கை ஏறவே மாட்டேன் என்று மடியில் கிடந்தது. அந்தப் பொருந்தாத இடுக்குகளில்தான் கூட்டுடையாள் குடியிருக்கிறாள் என்பது அவர்கள் நம்பிக்கை. குடும்பம் குடும்பமாக வந்து ஓர் இடுக்கில் வாயை வைத்து வேண்டியதைச் சொல்வார்கள். சொன்னது வெளியே வந்துவிடாமல் உடனே அங்கே ஓர் ஆப்பை வைத்து அடிக்க வேண்டும். அடிப்பது ஆப்புவீட்டார் வேலை. அவர்களுக்குச் சாமியின் உடம்பில் பாகம் கிடையாது, சொந்தமாக மரமும் கிடையாது. மற்ற வீடுகளில் சிந்திய துண்டுகளைப் பொறுக்கித்தான் ஆப்பு செதுக்க வேண்டும். மூன்றாம் நாள் ஆப்புகளைத் தட்டி எடுத்து, அவளைக் கழற்றி, அவரவர் பாகத்தை அவரவர் அடுப்பில் எரித்துக் கஞ்சி காய்ச்சிக் குடிப்பார்கள். கேட்டது கிடைத்த வீட்டிலும் கிடைக்காத வீட்டிலும் அன்று கஞ்சிதான்.

புருஷன் செத்த பிறகு ஆப்புவீட்டுக் கொட்டாப்புளி வெள்ளத்தாய் கைக்கு வந்திருந்தது. காதில் பஞ்சை வைத்திருந்தாலும் எல்லாம் கேட்கத்தான் செய்யும். யாருக்கு எந்தக் கடையில் பாக்கி, யார் மருமகளை யாருக்குப் பிடிக்கவில்லை, யாருக்கு எங்கே வலிக்கிறது என்று அவளுக்குத் தெரியாதது ஊரில் இல்லை. அவள் ஒன்றையும் வெளியே விட்டதில்லை. ஆப்பை அடிக்கும்போதே தன் காதிலும் சேர்த்து அடித்துக்கொள்வதாக நினைத்துக்கொள்வாள்.

அந்த வருஷம் இடுப்பின் மேல் வயிற்றை இறக்கியபோது சத்தமே வரவில்லை. வயிற்றின் மேல் மார்பு, மார்பில் தோள், தோளில் கைகள் என்று ஏற ஏற, தண்ணீரில் தண்ணீரை ஊற்றியதுபோல ஒன்றுக்குள் ஒன்று போய் அமர்ந்தது. கடைசியாகத் தலைவீட்டு அரியநாதன் தலையைக் கழுத்தில் வைத்துவிட்டு, இருக்கிற இடுக்கைத் தேடி விரலால் ஒருமுறை சுற்றித் தடவினார். எங்கே தலை முடிந்து கழுத்து தொடங்குகிறது என்று விரலுக்குத் தெரியவில்லை.

"யாரு அளந்தது?" என்று கேட்டார்.

யாரும் அளக்கவில்லை. அளக்கவில்லை என்று அவரவர் அடுப்பின் மேல் சத்தியம் செய்தார்கள். சத்தியத்தை நம்பாமலும் இருக்க முடியவில்லை, பொருத்தத்தை நம்பாமலும் இருக்க முடியவில்லை. வேண்டுதலோடு வரிசையில் நின்றவர்கள் வாயை எங்கே வைப்பதென்று தெரியாமல் அவளைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள். முழங்கால்வீட்டுக்காரி ஒருத்தி காதில் போய்ச் சொல்லிப் பார்த்தாள். அது ஓட்டையில்லாத மரக்காது.

"எதுக்குத் தாயி சொல்லணும்?" என்றார் அரியநாதன். "நம்ம சொல்லித் தெரியிற நிலையிலயா இப்ப இருக்கா? இத்தன தலைமுறையா அரையும் குறையுமா வந்தவ, இந்த வருஷம் முழுசா வந்திருக்கா."

எல்லாருக்கும் அது சரியென்று பட்டது. தோள்வீட்டுப் பலவேசம் மட்டும் வெள்ளத்தாயின் பெட்டியை எட்டிப் பார்த்து, "யக்கா, சாமியே ஆப்பு வேண்டாம்னுட்டா. மிச்சத்த எங்களுக்கு வச்சிராதிய" என்றான். கொட்டகையே சிரித்தது. வெள்ளத்தாயும் சிரித்தாள், ஆனால் ஒரு வேண்டுதலும் கேட்காத காதுகளோடு வீட்டுக்கு நடந்தபோது, சாப்பிடாமல் கை கழுவியதுபோல இருந்தது அவளுக்கு.

மூன்றாம் நாள் கூட்டுடையாளைக் கழற்ற முடியவில்லை. தாம்புக்கயிறு போட்டு இழுத்தார்கள், கடப்பாரையை வைக்க இடம் தேடினார்கள், பிறகு அதுவே அவள் விருப்பம் என்று விட்டுவிட்டார்கள். சவுக்கு விறகில் கஞ்சி காய்ச்சிக் குடித்துவிட்டு ருசி மாறவில்லை என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். அடுத்த வெள்ளிக்கிழமை வெள்ளத்தாயைக் கூப்பிட்டு, அவள் வீட்டின் ஊழியம் நிறைவாக முடிந்ததென்று பச்சைக்கரைச் சால்வை ஒன்றைப் போர்த்தினார்கள். கொட்டாப்புளியைக் கொடுத்துவிடச் சொன்னார் அரியநாதன். "துவையல் அரைக்கப் பூண்டு தட்டுதேன்ணே, இருக்கட்டும்" என்று அவள் வைத்துக்கொண்டாள்.

அதற்கப்புறம் ஊரில் ஒவ்வொன்றாகப் பொருந்தத் தொடங்கியது.

முதலில் கட்டில்கள் ஆடுவதை நிறுத்தின. ஓட்டுக்கூரைகள் ஒழுகவில்லை. ஏற்றியிறக்கிச் சாத்தவேண்டிய கதவுகளெல்லாம் தள்ளியதும் நிலையில் போய் ஒட்டிக்கொண்டன; கரையான் அரித்த நிலைகூடப் புதிதுபோல் நின்றது. குளத்து மடையில் கசிவு நின்று, சித்திரையிலும் தண்ணீர் நெஞ்சளவு கிடந்தது. பலவேசத்தின் முன்பற்களுக்கு நடுவே இருந்த சந்து மூடி, அவன் விசிலடிக்கிற திறமை போயிற்று. பெண்பிள்ளைகள் நிம்மதி என்றார்கள். ஒரு வீட்டிலும் புருஷன் பெண்டாட்டி சண்டை கேட்கவில்லை. ஒருவர் சொல்லி முடிப்பதற்குள் மற்றவர் சரியென்றுவிட, பேச்சு குறைந்தது, பிறகு பேச்சே தேவைப்படவில்லை. அரியநாதனின் பேத்தி நிவேதாவுக்குப் பிறவியிலேயே இதயத்தில் ஓட்டை. நாலடி நடந்தால் உதடு நாவற்பழ நிறமாகும். அந்தப் பிள்ளை ஒருநாள் தெருக்கோடியிலிருந்து மறுகோடிவரை ஓடி, திரும்பியும் ஓடியது. வாராவாரம் வரும் நர்ஸ் ஜூலியட் குழலை வைத்து வெகுநேரம் கேட்டுவிட்டு, "ஓட்டை இருந்த சத்தமே இல்ல" என்றாள். அன்றைக்கு அரியநாதன் கொட்டகைத் தரையில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்து, சாயங்காலம்வரை எழுந்திருக்கவில்லை.

சீப்புகளின் பற்கள் ஒட்டிக்கொண்டபோது விரலால் தலை கோதிக்கொண்டார்கள். ரம்பங்களின் பற்கள் ஒட்டி வெறும் தகடானபோது, இனி அறுக்க என்ன இருக்கிறது என்றார்கள். மூடிய டப்பாக்களைத் திறக்க முடியாமல் போனபோது மூடாமல் வைக்கப் பழகினார்கள். கதவுகளையும் அப்படித்தான், சாத்தினால் திறக்காது என்று தெரிந்ததும் எல்லாக் கதவுக்கும் கல் முட்டுக்கொடுத்தார்கள். ஆனாலும் கல் நழுவிச் சாத்திக்கொண்ட வீடுகள் இருந்தன, உள்ளே ஆள் இருந்த வீடும் ஒன்றிரண்டு. கூரையைப் பிரித்து அவர்களை எடுத்தார்கள். பிரித்த கூரை தானாகப் பொருந்திக்கொண்டதைப் பார்த்து, கொத்தனார் கூலி மிச்சம் என்றார்கள்.

ஊருக்குள் வருகிற ஒரே பாதை இரட்டைப்பாறைகளின் நடுவே போகிறது. ஆனியில் மினிபஸ்ஸின் கண்ணாடி பாறையில் உரசி உடைந்தது. ஆடியில் பஸ் வரவில்லை. மோட்டார் சைக்கிள் வந்தது. ஆவணியில் சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார்கள்.

"கண்ட பயலும் உள்ள வரமாட்டான்" என்றார் அரியநாதன்.

"நம்ம வெளிய போகணும்னா?" என்று கேட்டாள் வெள்ளத்தாய்.

"வெளிய என்ன இருக்கு?"

வெள்ளத்தாய்க்கு வெளியே வேண்டியிருந்தது ஓர் ஆஸ்பத்திரி. அவளோடு ஆப்புவீட்டிலேயே இருந்த ஒரே மகள் பொற்கொடிக்கு ஐப்பசியில் பேறுகாலம். முழுசாக வந்த ஆத்தாளின் காலத்தில் ஊருக்குள் பிறக்கப்போகிற முதல் பிள்ளை அதுதான் என்று மருமகன் சேர்மத்துரைக்கு ஏக மரியாதை. டீக்கடையில் காசு வாங்குவதில்லை. பாறை சைக்கிள் அகலத்தில் இருக்கும்போதே மகளை வெளியூரிலிருக்கிற தன் தங்கச்சி வீட்டுக்கு அனுப்பிவிட அவள் துடித்தாள்.

"அத்த, ஊரே பிள்ளைய எதிர்பாத்து நிக்கி. இப்ப போய் எவளோ ஒரு டாக்டர் கையிலயா கொண்டு கொடுக்க?" என்றான் அவன்.

"மாப்ள, மூடுறத எல்லாம் ஆத்தா மூடுதா. திறந்ததுன்னு ஒண்ணு இந்த ஊர்ல நீங்க பாத்தியளா?"

அவன் யோசித்தான். யோசித்துவிட்டு, "எல்லாம் நல்லபடியா நடக்கும்" என்றான். பொற்கொடியும் அதையேதான் சொன்னாள். அந்த வீட்டில் இப்போதெல்லாம் இருவரும் ஒன்றையேதான் சொன்னார்கள்.

ஐப்பசி மழையில் பாறைகளின் நடுவே பக்கவாட்டில் ஒருக்களித்து, மூச்சை வெளியே விட்டுவிட்டு, சேலை கிழிய உள்ளே வந்த கடைசி ஆள் ஜூலியட். அவளுடைய பையைப் பாறைக்கு மேலாக எறிந்துதான் கொடுக்க வேண்டியிருந்தது. "ஊராய்யா இது" என்று முனகிக்கொண்டே வந்தவள், மறுநாள் திரும்பிப் போகப் பார்த்தபோது பாறை ஒன்றாக இருந்தது. நடுவில் கோடுகூட இல்லை. மழை அதன்மேல் ஒரே பாறையின்மேல் வழிவதுபோல வழிந்தது.

வலி எடுத்தது அன்று விடிந்த பிறகு. மத்தியானம் ஆகியும் பொற்கொடி கட்டிலின் சட்டத்தைப் பிடித்தபடியே கிடந்தாள். ஜூலியட் வெளியே வந்து கையைக் கழுவினாள். துடைக்க மறந்து நின்றாள்.

"வலி ஒழுங்கா வந்து போகுது. தலை இறங்கி நிக்குது. கர்ப்பப்பை வாய்தான் ஒரு விரல்கூடத் திறக்கலம்மா. ஊசி போட்டும் பாத்துட்டேன். ஆபரேஷன் பண்ணிதான் எடுக்கணும்."

"இங்க பண்ண முடியாதா?"

"நான் நர்ஸும்மா."

"பாறை மேல ஏத்திக் கொண்டுபோயிரலாமா?"

"இந்த நிலைலயா?" ஜூலியட் வெள்ளத்தாயின் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்: "இருட்டுறவரைக்கும் தாங்குனா பெரிசு. ரெண்டு பேரும்."

உள்ளே சேர்மத்துரை எல்லாம் நல்லபடியா நடக்கும், எல்லாம் நல்லபடியா நடக்கும் என்று பெண்டாட்டியின் தலைமாட்டில் சொல்லிக்கொண்டிருந்தான். வெள்ளத்தாய் அடுக்களைக்குப் போய்ப் பூண்டுக்குப் பக்கத்திலிருந்த கொட்டாப்புளியை எடுத்தாள். பரணிலிருந்த பெட்டியில் கைவிட்டு, வேங்கைமர ஆப்பு ஒன்றைத் தேர்ந்தெடுத்தாள். காதில் பஞ்சு வைத்துக்கொள்ளவில்லை.

மழை விட்டிருந்தது. கொட்டகையில் பத்துப் பேர்போலப் படுத்துக் கிடந்தார்கள். அரியநாதன் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். கையிலிருந்ததைப் பார்த்ததும் எழுந்துவிட்டார்.

"என்ன செய்யப் போற?"

"திறக்கப் போறேன்ணே."

"எங்க வச்சுத் திறப்ப? இடுக்கே கிடையாதே."

வெள்ளத்தாய் பீடத்தில் ஏறினாள். கூட்டுடையாள் உட்கார்ந்த கோலம். பீடத்தில் ஏறி நின்றால் அவள் உச்சி, நிற்பவர் மார்புக்கு வரும். இதுவரை தலைவீட்டாரைத் தவிர யாரும் சாமியின் தலையை மேலிருந்து பார்த்ததில்லை. பொருத்துகளில் இடுக்கு இல்லைதான். பொருத்துகள் வீடுகளுடையவை. ஆனால் மரம் மரத்துடையதாகவே இருந்தது: உச்சியில் வருஷ வளையங்கள் சுழன்று சுழன்று போய் முடிகிற இடத்தில் மிளகளவு நடுக்கண், அதிலிருந்து எல்லா மரத்துக்கும் இருக்கிறதுபோல முடியளவு வெடிப்பு ஒன்று. யாரும் செய்யாதது அது. அவள் ஆப்பின் நுனியை அதில் வைத்தாள்.

அரியநாதன் கொட்டாப்புளியைப் பிடித்துக்கொண்டார். குரலை உயர்த்தவில்லை. "வெள்ளத்தாயி. இவ திறந்தா எல்லாந்தான் திறக்கும். என் பேத்தி நெஞ்சும் சேத்துத்தான்."

"தெரியும்ணே."

"தெரிஞ்சுமா அடிக்கப் போற?"

"அங்க ரெண்டு உயிரு கிடக்கு."

"இங்க ஒண்ணுதானேன்னு சொல்லுதியா?"

அவள் ஆப்பை எடுக்கவில்லை. அவர் பிடியும் தளரவில்லை. அப்போது ஆப்புவீட்டிலிருந்து பொற்கொடியின் குரல் வந்தது. கூப்பாடு இல்லை, மூடிய வாய்க்குள்ளிருந்து வருகிற மாதிரி, ஒரு விலங்கு பெட்டிக்குள் அடைபட்டுக் கத்துகிற மாதிரி. அரியநாதன் கண்ணை மூடிக்கொண்டார். அவருக்கும் பெண் இருந்தாள். அவள் பேறுகாலத்தில் அவரும் இப்படி வாசலில் நின்றிருக்கிறார். கை விட்டது.

அவள் ஒரே அடிதான் அடித்தாள்.

அந்த வருஷம் கூட்டுடையாளிடமிருந்து வந்த முதல் சத்தம் அது. உச்சியிலிருந்து நெற்றி நடுவே, மூக்கின் வழியே, உதடுகளைப் பிளந்துகொண்டு தொண்டைக்குழிவரை கோடு இறங்கி நின்றது. தெரு முழுக்க, கல் நழுவிச் சாத்திக் கிடந்த கதவுகள் ஒவ்வொன்றாக நிலையை விட்டு விலகுகிற முனகல் கேட்டது. எங்கோ ஒரு டப்பாவின் மூடி கழன்று உருண்டது. சற்று நேரத்தில் பலவேசத்தின் பெண்டாட்டி சேற்றில் ஓடிவந்தாள்.

"பெத்துட்டா யக்கா. பொம்பளப் புள்ள. நஞ்சுக்கொடி இன்னும் விழல, நர்ஸு பாத்துக்கிட்டு இருக்காவ."

அவள் சொல்லி முடிப்பதற்குள் எதிர்ப்பக்கத்திலிருந்து தலைவீட்டு மருமகள் நிவேதாவைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தாள். பிள்ளையின் உதடு நாவற்பழ நிறத்தில் இருந்தது. யாரையும் கேட்காமல் சாமியின் காலடியில் கிடத்தினாள்.

மேலே மரம் இன்னும் முறுகிக்கொண்டிருந்தது. யாரும் அடிக்காமலே ஆப்பு கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போக, கோடு தொண்டைக்குழியைத் தாண்டி மார்பைப் பார்த்து இறங்கத் தொடங்கியது. அது ஒரு விரலளவு இறங்கினால் கீழே பிள்ளையின் மூச்சு ஒரு விரலளவு குறைந்தது. வெள்ளத்தாய் பதறி ஆப்பை இழுத்தாள். இழுத்ததும் பிளவு மூட ஆரம்பித்தது. அத்தனை சுத்தமாக, அத்தனை பொருத்தமாக. நஞ்சு விழாமல் மகள் கிடக்கிறாள் என்று நினைத்தவள் ஆப்பைத் திரும்பச் சொருகினாள். மரம் மறுபடி கீழ்நோக்கி முறுகியது. மரத்துக்கு மரம் விட்டுக்கொடுக்காது. ஒன்று பிளக்கும், இல்லையென்றால் மூடும்.

அரியநாதன் பீடத்தில் ஏறி வந்தார். ஊரில் எல்லாரும் மறந்துபோயிருந்த காரியத்தைச் செய்தார். பிளவில் வாயை வைத்துச் சொன்னார். வெள்ளத்தாயின் காதில் பஞ்சு இல்லை.

"ரெண்டு பிள்ளையும்" என்றார். அவ்வளவுதான். சொல்லிவிட்டு, வேண்டுதல் முடிந்தவர்கள் விலகி நிற்பதைப்போல ஓரடி பின்னால் போய், அவள் அடைப்பதற்காகக் காத்து நின்றார்.

அவள் ஆப்பை உருவிக் கீழே போட்டாள். மூடிவருகிற பிளவுக்குள், விரல்களை ஒன்றுசேர்த்து, தன் இடது கையை மணிக்கட்டுவரை செலுத்தினாள். மரம் வந்து கையைப் பிடித்தது. எலும்பில் நின்றது. சதை கொஞ்சம் விட்டுக்கொடுத்தது, கொஞ்சம் கொடுக்கவில்லை. மூடவும் இல்லை, பிளக்கவும் இல்லை.

நஞ்சு விழுந்தது. நிவேதாவின் உதட்டில் ரத்தம் ஏறியது. முன்போல ஓட முடியாது. ஆனால் நடக்கலாம், பள்ளிக்கூடம் போகலாம். பாறைகளின் நடுவே ஒருவர் ஒருக்களித்துப் போகிற வழி விட்டது, ஜூலியட் அதில் போனவள் திரும்பி வரவில்லை. சாத்திய கதவுகள் திறந்தன. சீப்புகளில் பல் பிரிந்தது. வீடுகளில் சண்டை கேட்டது, அளவாக. கூரை ஒழுகியது, ஒரு பாத்திரம் வைத்தால் போதுகிற அளவுக்கு. இதைவிட நல்ல ஏற்பாடு வேறில்லை என்று எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள்.

வெள்ளத்தாய் கையை எடுத்துவிடலாமா என்று யாரும் கேட்கவில்லை. அவள் உட்கார ஒரு பரண் கட்டினார்கள், சாய்ந்து தூங்கப் பலகை வைத்தார்கள், மழைச்சாரலுக்குத் தகரம் அடித்தார்கள். வேளைக்கு ஒரு வீட்டிலிருந்து சோறு வந்தது. பலவேசம் தினமும் வந்து, "யக்கா, கடைசில ஆப்புவீட்டுக்கும் சாமில ஒரு பாகம் கிடைச்சிட்டு பாத்தியா" என்பான். அவனுக்கு விசில் திரும்பியிருந்தது. அரியநாதன் தன் கையால் அவளுக்குத் தலைவாரி விட்டார். வேண்டுதலோடு வருகிறவர்கள் அவள் மணிக்கட்டின் ஓரத்தில் வாய்வைத்துச் சொல்லிவிட்டுப் போனார்கள். ஆப்பு அடிக்கவேண்டிய அவசியம் இல்லை. சொன்னது அவள் கையோடு நின்றுகொண்டது.

மரம் மட்டும் நிற்கவில்லை. நாள் ஒன்றுக்கு ஒரு மயிரிழை வந்தது. தை பிறந்தபோது சுண்டுவிரலில் உணர்ச்சி போயிற்று. மாசியில், மணிக்கட்டில் தெரிகிற தோலில் மெல்லிய வரிகள் ஓடுவதை அவள் கவனித்தாள். நகத்தால் கீறினால் வலிக்காமல் சிராய் வந்தது. அவள் சொல்லவில்லை. முந்தானையை இழுத்து மூடிக்கொண்டாள். ஆனால் சோறு கொண்டுவருகிறவர்களுக்குக் கண் இருந்தது, அவர்கள் அத்தனை பேரும் மரவேலை செய்கிறவர்கள். ஒரு கை எத்தனை நாள் தாங்கும் என்று அவர்களுக்குப் பார்த்தாலே தெரியும்.

பங்குனி பிறந்ததும் ஒவ்வொரு வீடாகப் பொற்கொடியின் பிள்ளையைப் பார்க்க வந்தார்கள். சேர்மத்துரை பாய் விரித்து உட்காரச் சொன்னான். கிலுகிலுப்பை கொண்டுவந்தார்கள், தொட்டிலுக்கு வேங்கைச் சட்டம் கொண்டுவந்தார்கள். பிள்ளை அம்மா ஜாடையா அப்பா ஜாடையா என்று ஒருவரும் கேட்கவில்லை. தொட்டிலுக்குள் குனிந்து, பிள்ளையின் மூடிய கையை மெதுவாகப் பிரித்து, விரல்களை ஒன்றுசேர்த்துப் பிடித்து, கனத்தைப் பார்த்தார்கள்.

"இப்ப என்ன அவசரம்" என்றார்கள். "வளரட்டும்."